காவலில் இறந்தவரின் விசாரணையை நீதிமன்றத்தின் கண்முன் வைத்திருப்பது எப்படி?

கேள்வி கேட்டிருப்பவர் திருகோணமலையைச் சேர்ந்த ஒரு பெண். அவருடைய தம்பியை ஒரு களவு விசாரணைக்கென்று பொலிஸார் பின்னேரம் கூட்டிக்கொண்டு போனார்கள். விடியப்புறம், கூண்டுக்குள் தூக்கில் தொங்கிவிட்டான் என்று வீட்டுக்குச் செய்தி வந்தது. நீதவான் போய்ப் பார்த்தார், பிரேத பரிசோதனை நடந்தது, உடலை அடக்கம் செய்தார்கள். இன்றோடு 17 நாள். இப்போது விசாரித்துக்கொண்டிருப்பது அதே நிலையத்துப் பொலிஸார். நீதிமன்றத்தின் மேற்பார்வையில் இந்த விசாரணை நடக்கவேண்டும் என்று கேட்க முடியுமா, எங்கே போய் யாரிடம் கேட்பது என்பதுதான் அவருடைய கேள்வி.

முடியும், மகள். ஆனால் ஒரே மனுவில் வாங்கிக்கொண்டு வரக்கூடிய 'மேற்பார்வைக் கட்டளை' என்று ஒன்று எங்கள் இலங்கைச் சட்டத்தில் இல்லை. அதைத் துண்டு துண்டாகத்தான் வாங்க வேண்டும். ஒவ்வொரு தவணையிலும் உங்கள் சட்டத்தரணி எழும்பி நின்று கேட்க வேண்டும், கேட்டது வழக்கேட்டில் பதியப்பட வேண்டும். நான் சட்டத்தரணி அல்ல. இந்த மாவட்டத்து நீதிமன்றங்களில் உரைபெயர்ப்பு முதலியாராக வேலை செய்து ஓய்வு பெற்றவன். மரண விசாரணைகளில் குடும்பத்தாரின் தமிழைச் சிங்களத்துக்கும் பொலிஸாரின் சிங்களத்தைத் தமிழுக்கும் மாற்றிச் சொல்லிக்கொண்டு நடுவில் நின்றிருக்கிறேன். யாரும் எதுவும் கேட்காத மரண விசாரணை எவ்வளவு கெதியாக முடியும் என்பதை நேரில் கண்டவன் என்பதால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் நாள் கணக்கைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது ஓடிக்கொண்டிருக்கிறது. அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ், நாட்டின் உச்ச மன்றான உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மீறல் மனுப் போடுவதற்கு ஒரு மாதம்தான் தவணை. 17 நாள் போய்விட்டது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, அந்த ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவிடம் முறைப்பாடு கொடுத்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் இந்தக் கணக்கில் சேராது. ஆணைக்குழுவுக்குத் திருகோணமலையிலேயே பிராந்திய அலுவலகம் இருக்கிறது. 1996 என்ற இலக்கத்துக்குத் தொலைபேசியிலும் அழைக்கலாம். ஆனால் முறைப்பாட்டுத் துண்டை மட்டும் கையில் வைத்துக்கொண்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள். ஆணைக்குழு உண்மையில் விசாரணை நடத்துகிறது என்பதைக் காட்ட வேண்டும் என்று உயர் நீதிமன்றம் பின்னாளில் சொல்லியிருக்கிறது. ஆகவே முறைப்பாடு கொடுங்கள், விசாரணைக்கு எடுத்ததற்கான கடிதத்தையும் எழுத்தில் வாங்குங்கள். முடிந்தால் இரண்டையும் நம்பாமல், மாதம் முடியும் முன்னரே கொழும்பு புதுக்கடையில், உயர் நீதிமன்றத்தில் மனுவைத் தாக்கல் செய்துவிடுங்கள்.

பாதிக்கப்பட்டவரே இறந்துவிட்டபோது யார் மனுப் போடுவது என்ற கேள்வி முன்னர் பெரிய தடையாக இருந்தது. அந்தத் தடையை ஒரு மனைவி உடைத்தார். பயாகல பொலிஸ் காவலில் வதைக்கப்பட்டு இறந்தவரின் மனைவி தொடுத்த சிறியாணி சில்வா எதிர் இத்தமல்கொட வழக்கில், இறந்தவருக்காக அவருடைய உறவு வழக்கை நடத்தலாம் என்று உயர் நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. 2003இல் வந்த அதன் தீர்ப்பில் இன்னொன்றும் சொல்லப்பட்டது. எங்கள் அரசியலமைப்பில் 'உயிர்வாழும் உரிமை' என்று தனியாக ஒரு வரி இல்லை. ஆனால், தகுதியுள்ள நீதிமன்றத்தின் கட்டளையில்லாமல் எவருக்கும் மரண தண்டனை கொடுக்கக்கூடாது என்ற 13(4)ஆம் உறுப்புரைக்குள்ளேயே அந்த உரிமை அடங்கியிருக்கிறது என்று மன்று வாசித்தது. சித்திரவதைக்கு எதிரான 11ஆம் உறுப்புரையோடு இதையும் சேர்த்து மனுவில் எழுத வேண்டும். 126(4)இன் கீழ் அந்த மன்று நட்டஈடு மட்டுமல்ல, நியாயமானது என்று காணும் எந்தப் பணிப்புரையையும் கொடுக்கலாம். விசாரணையை யார் நடத்த வேண்டும், எப்போது அறிக்கை தரவேண்டும் என்பதையும் அங்கே கேட்கலாம்.

இனி உள்ளூருக்கு வருவோம். கொழும்பு மனு முக்கியம்தான், ஆனால் உங்கள் தம்பியின் வழக்கு நிமிர்வதும் சரிவதும் நீதவான் நீதிமன்றத்தில்தான்.

1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 371ஆம் பிரிவு சொல்வது இதுதான். பொலிஸ் காவலில் ஒருவர் இறந்தால், காவலுக்குப் பொறுப்பானவர் உடனடியாக நீதவானுக்கு அறிவிக்க வேண்டும். நீதவான் உடலை நேரில் பார்த்து, மரணத்தின் காரணத்தை விசாரிக்க வேண்டும். வழக்கமாக வரும் திடீர் மரண விசாரணை அதிகாரி பார்த்துவிட்டுப் போவது இங்கே போதாது. 'காவலில் இறக்கவில்லை, ஆஸ்பத்திரியில் இறந்தார்' என்றோ, 'மறியலுக்கு அனுப்பிய பிறகு இறந்தார்' என்றோ ஒரு கதை வரும். விலங்கோடு கட்டிலில் கிடந்தவர் காவலில் இருந்தவர்தான். 371ஆம் பிரிவு சிறைச்சாலையையும் சேர்த்தே சொல்கிறது. வட்டுக்கோட்டைப் பொலிஸார் 2023 நவம்பரில் கைது செய்த சித்தங்கேணி இளைஞன் மறியலில் வைக்கப்பட்ட பிறகே யாழ்ப்பாணத்தில் இறந்தான். ஆனாலும் யாழ்ப்பாண நீதவான் நீதிமன்றம் பொலிஸ் நிலையத்தில் நடந்ததைத் தோண்டியது, பொலிஸார் கைது செய்யப்பட்டார்கள். தன்னை எப்படி வதைத்தார்கள் என்று அவன் உயிரோடு இருக்கும்போது சொன்ன காணொளி அதற்குப் பெரிய துணையாக இருந்தது. இறந்தவர் தன் மரணத்தின் காரணம் பற்றிச் சொன்ன சொல், சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 32ஆம் பிரிவின்படி சாட்சியமாகும். உங்கள் தம்பி அன்று இரவு யாருடனாவது தொலைபேசியில் பேசியிருந்தால், சாப்பாடு கொண்டுபோனவரிடம் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், அதை இன்றே திகதி நேரத்தோடு எழுதி வையுங்கள்.

மரண விசாரணையில் உங்களுக்கு இடம் உண்டா? 'நீங்கள் சாட்சி மட்டும்தான்' என்று யாராவது சொல்லலாம். சட்டக்கோவையின் 260ஆம் பிரிவு பாதிக்கப்பட்ட தரப்புக்கும் சட்டத்தரணி மூலம் முன்னிலையாகும் உரிமையைக் கொடுக்கிறது. உங்களிடம் காசு இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் திருகோணமலை நிலையத்துக்குப் போங்கள். ஒன்று மட்டும் கவனியுங்கள். சட்டத்தரணியைப் பிடிக்கும்போது, அதே பொலிஸ் நிலையத்தின் வழக்குகளில் நாளாந்தம் நிலையப் பொறுப்பதிகாரியோடு சிரித்துப் பேசி வேலை செய்யவேண்டிய நிலையில் இல்லாதவராகப் பாருங்கள். சிறிய ஊர் இது. அவரவர் பிழைப்பு அவரவருக்கு.

கேட்கிற இடத்தில் கேட்டால் என்ன நடக்கும் என்பதற்கு ஒன்றைச் சொல்கிறேன். பல வருடங்களுக்கு முந்தியது, நிலையத்தின் பெயர் வேண்டாம். அங்கேயும் கூண்டுக்குள் தூக்கு என்றுதான் சொன்னார்கள். சாரத்தைக் கிழித்துக் கம்பியில் கட்டினாராம். நீதவான் கூண்டுக்குள் போனார், நானும் பின்னால் போனேன். குடும்பத்துக்காக வந்திருந்த இளம் சட்டத்தரணி, கம்பியின் குறுக்குச் சட்டம் நிலத்திலிருந்து எவ்வளவு உயரம் என்று பதிய வேண்டும் என்று கேட்டார். அளக்க ஒன்றும் இல்லை. நிலையத்தில் அளவு நாடா இல்லை என்றார்கள். நீதவான் வாசலில் நின்ற காவலாளியை வீதிக்கு அந்தப் பக்கம் இருந்த தையல் கடைக்கு அனுப்பினார். மஞ்சள் நிறத் துணி நாடா ஒன்று வந்தது, ஒரு முனையில் ஊசி குத்தியபடி. நீதவானே அதைப் பிடித்துப் பார்த்தார். 41 அங்குலம். இறந்தவர் ஐந்தடி ஏழு அங்குலம். அந்த இரண்டு எண்களும் என் வாயால்தான் தமிழில் அந்தத் தாய்க்குப் போயின.

அந்த அளவு மட்டும் கொலையை நிரூபிக்காது என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். கால் நிலத்தில் பட்டபடி, உட்கார்ந்தபடி கூடத் தூக்கு நடக்கும் என்று சட்ட வைத்திய அதிகாரிகள் சொல்வார்கள், அது மருத்துவ உண்மை. ஆனால் அளவு ஏட்டில் ஏறியதால் அதற்குப் பதில் சொல்லவேண்டிய கடமை மற்றப் பக்கத்துக்குப் போனது. அடுத்த தவணையில் யார் காவல் கடமையில் இருந்தது, எத்தனை மணிக்குக் கூண்டைப் பார்த்தார், அந்தப் பார்வை எந்தப் புத்தகத்தில் எழுதப்பட்டது என்று கேள்விகள் தொடர்ந்தன. உள்ளே நடந்தது உள்ளே இருந்தவர்களுக்கே தெரியும் என்ற நிலையில், அதை விளக்கும் சுமை அவர்களுக்கே என்று வாதாடச் சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 106ஆம் பிரிவு இடம் தருகிறது.

உங்கள் வழக்கில் நீதவான் ஏற்கெனவே வந்து பார்த்துவிட்டார். ஆனால் விசாரணை முடிந்துவிட்டதாக நீங்கள் எழுதவில்லை. ஆகவே அடுத்த தவணைக்கு முன்னர் உங்கள் சட்டத்தரணி ஒரு நகர்த்தல் பத்திரம், அதாவது மன்றிடம் கட்டளை கேட்கும் எழுத்து விண்ணப்பம், போடவேண்டும். பிடிமானம் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 124ஆம் பிரிவு. புலனாய்வுக்கு உதவியாகப் பொருத்தமான கட்டளைகளையும் நீதிமன்றப் பத்திரங்களையும் பிறப்பிக்க வேண்டும் என்று நீதவானுக்கே அது கடமை வைக்கிறது. பெரும்பாலும் பொலிஸார்தான் அந்தப் பிரிவைக் கொண்டு கட்டளை வாங்குவார்கள், தொலைபேசி விபரம், வங்கிக் கணக்கு என்று. குடும்பமும் அதே கதவைத் தட்டலாம். அதில் முதலாவதாக, குற்றஞ்சாட்டப்படுகிற நிலையத்து அதிகாரிகள் இந்த விசாரணையைத் தொடக்கூடாது, குற்றப் புலனாய்வுத் திணைக்களமோ வேறு பிரிவின் சிரேஷ்ட அதிகாரியோ பொறுப்பெடுத்து இரண்டு கிழமைக்கு ஒருமுறை மன்றுக்கு அறிக்கை தரவேண்டும் என்று கேளுங்கள். இன்ன பிரிவுதான் விசாரிக்க வேண்டும் என்று நீதவான் கட்டளையிடலாம் என 124ஆம் பிரிவில் வெளிப்படையாக எழுதியிருக்கவில்லை. ஆனால் பொலிஸ் மா அதிபருக்கோ பிரதிப் பொலிஸ் மா அதிபருக்கோ அறிவித்து அறிக்கை கோருவது நடைமுறையில் இருப்பதுதான். சந்தேகத்துக்குரிய மரணங்களின் விசாரணை பற்றி ஐக்கிய நாடுகள் 2016இல் புதுப்பித்து வெளியிட்ட மினசோட்டா நெறிமுறையும், விசாரிப்பவர் விசாரிக்கப்படுபவரிடமிருந்து விலகி நிற்க வேண்டும் என்றுதான் சொல்கிறது.

புத்தகங்களை மறந்துவிடாதீர்கள். கைது பதிந்த தகவல் புத்தகம், கூண்டில் போட்ட நேரம் எழுதிய ஏடு, அன்றைய கடமைப் பட்டியல், நிலையத்தின் கமராப் பதிவு, வாகன ஓட்டக் குறிப்பு. இவற்றை மன்றின் காவலில் எடுத்து முத்திரையிட வேண்டும் என்று கேட்க வேண்டும், அதுவும் உடனே. கமராப் பதிவின் மேல் புதுப் பதிவு ஏறிக்கொண்டே இருக்கும். 17 நாள் என்பது அதற்கு நீண்ட காலம். பதிவு அழிந்துவிட்டது என்று சொன்னால், அப்படிச் சொன்னதையும் எழுத்தில் வாங்குங்கள். கழுத்தில் இருந்ததாகச் சொல்லும் துணியும் வழக்குப் பொருள்தான். முடிச்சை அவிழ்க்காமல் வேறு இடத்தில் வெட்டி எடுத்திருக்க வேண்டும். அது இப்போது யாரிடம் இருக்கிறது என்று கேளுங்கள்.

உடலை எரிக்காமல் அடக்கம் செய்தது நல்ல காலம். எங்கள் சைவக் குடும்பங்களில் அது மனதுக்குக் கஷ்டமான முடிவு, எனக்குத் தெரியும். ஆனால் பிரேத பரிசோதனை அறிக்கையில் குறை இருந்தால், தோண்டியெடுத்து மீண்டும் பரிசோதிக்க நீதவான் கட்டளையிடலாம். அதைக் கேட்பதற்கு முன், சட்ட வைத்திய அதிகாரியின் முழு அறிக்கையைச் சான்றுப்படுத்திய பிரதியாக எடுத்து, வேறு ஒரு சட்ட வைத்திய நிபுணரிடம் காட்டுங்கள். உள்ளங்கால்களைப் பார்த்தார்களா, மணிக்கட்டிலும் தோளிலும் தோலை வெட்டி உள்ளே கண்டல் இருக்கிறதா என்று பார்த்தார்களா, கழுத்துத் தடம் எந்தத் திசையில் போகிறது, உறுப்பு மாதிரிகள் பகுப்பாய்வுக்குப் போனதா என்பவை அதில் இருக்க வேண்டும்.

முதல் நாளில் பதியப்படும் காயக் குறிப்பின் பெறுமதியை எங்கள் ஊர் மிகக் கொடுமையாகக் கற்றது. 2006 ஜனவரி 2ஆம் திகதி கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். அவர்கள் கொண்டுவந்த கைக்குண்டு வெடித்தது என்றுதான் முதலில் சொல்லப்பட்டது. பிரேத பரிசோதனை துப்பாக்கிச் சூட்டுக் காயங்களைக் காட்டியது. உடல்களைப் படமெடுத்து வெளியிட்ட செய்தியாளர் சுப்பிரமணியம் சுகிர்தராஜன் அதே மாதம் 24ஆம் திகதி இந்த ஊரிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தப் படங்களும் காயக் குறிப்பும் இல்லாவிட்டால் கைக்குண்டுக் கதையே ஏட்டில் நின்றிருக்கும். ஆனாலும் 2019 ஜூலையில், போதிய சாட்சியம் இல்லையென்று 13 சந்தேகநபர்களையும் திருகோணமலை நீதவான் நீதிமன்றம் விடுவித்தது. சாட்சிகள் பயத்தில் நாட்டை விட்டே போயிருந்தார்கள். பொலிஸ் கூண்டுக்குள் நடந்த மரணம் அல்ல அது, ஆனால் உங்கள் வழக்குக்கு அதில் இரண்டு பாடம் இருக்கிறது. காயக் குறிப்பு இருந்தால் பொய் நிலைக்காது. சாட்சி இல்லாவிட்டால் காயக் குறிப்பு மட்டும் வழக்கை முடிவுவரை கொண்டுபோகாது.

மொழி விஷயத்தில் நான் சொல்வதை நம்புங்கள், என் வாழ்நாள் வேலை அது. பொலிஸார் எழுதும் வாக்குமூலம் சிங்களத்தில் இருக்கும், சட்ட வைத்திய அறிக்கை ஆங்கிலத்தில் இருக்கும், சொன்னவர் தமிழில் சொல்லியிருப்பார். 'மகனுக்கு மன உளைச்சல் இருந்ததா' என்று கேட்பார்கள். வேலை இல்லையென்று கொஞ்சம் யோசித்துக்கொண்டு இருந்தான் என்று ஒரு தாய் சொல்வாள். அது தாளில் 'மனநோய் இருந்தது' என்று இறங்கும். ஒருமுறை நீதிமன்றத்தில் அப்படியொரு வாக்குமூலத்தை நான் தமிழில் வாசித்தபோது, அந்த அம்மா என் கையைப் பிடித்து, 'தம்பி, நான் அப்பிடிச் சொல்லேல்லை' என்றார். நீதவான் அதைப் பதிந்தார். எல்லா நேரமும் பதியப்படுவதில்லை. வடக்கு கிழக்கில் நீதிமன்ற மொழி தமிழ். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை அது. வாசித்து விளங்கப்படுத்தாத எதிலும் கையெழுத்து வைக்காதீர்கள். ஏற்கெனவே வைத்திருந்தால், அதைத் திருத்தி ஒரு சத்தியக்கடதாசி கொடுங்கள்.

சாத்தான்குளத்தில் செய்தது போல் இங்கே ஏன் முடியாது என்று பலர் கேட்கிறார்கள். 2020இல் தமிழ்நாட்டில் தகப்பனும் மகனும் பொலிஸ் அடியில் இறந்தபோது, மதுரை உயர் நீதிமன்றக் கிளை தானாகவே வழக்கை எடுத்தது. விசாரிக்கப் போன நீதித்துறை நடுவருக்கு நிலையத்தில் ஒத்துழைக்கவில்லை என்றதும், அந்த நிலையத்தையே வருவாய்த்துறையின் கட்டுப்பாட்டுக்குக் கொண்டுவந்தது. அங்கே உயர் நீதிமன்றங்களின் அதிகாரம் வேறு, சட்டம் வேறு. அந்தத் தீர்ப்புகளை இங்கே எடுத்துக் காட்டலாம், ஆனால் அவற்றை நம்பிக் காத்திருக்க முடியாது. எங்களிடம் இருக்கும் ஏணி இது. நீதவான் 'தற்கொலை' என்று அவசரமாக முடித்தால், அந்தக் கட்டளையை மீளாய்வு செய்யும்படி அரசியலமைப்பின் 154P உறுப்புரையின் கீழ் திருகோணமலை மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம். பொலிஸாரோ சட்டமா அதிபரோ சட்டம் விதித்த கடமையைச் செய்யாமல் கோப்பை வைத்துக்கொண்டிருந்தால், 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில், அந்தக் கடமையைச் செய்யும்படி பணிக்கும் ஆணையீட்டு எழுத்தாணை கேட்கலாம்.

கோப்பு சட்டமா அதிபரிடம் போன அந்தப் படியில்தான் அதிக வழக்குகள் தூங்குகின்றன. 1994ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சித்திரவதைச் சட்டம் கடுமையானது. குறைந்தது 7, கூடியது 10 வருடச் சிறை, மேலதிகாரி சொன்னார் என்று சொல்லியும் தப்ப முடியாது. ஆனால் வழக்கு மேல் நீதிமன்றத்தில், குற்றப்பத்திரம் சட்டமா அதிபரிடமிருந்து வரவேண்டும். நீதவான் ஏடு அங்கே போனதும் குடும்பம் 'மேலிடம் பார்க்கும்' என்று வீட்டுக்குப் போய்விடுகிறது. போகாதீர்கள். ஏடு அனுப்பப்பட்ட திகதியை எழுதிக்கொண்டு, மாதம் ஒருமுறை பதிவுத் தபாலில் கடிதம் போடுங்கள், பற்றுச்சீட்டை வையுங்கள். எழுத்தாணை மனுவுக்கு அந்தக் கடிதங்கள்தான் ஆதாரம். சித்திரவதைக் குற்றச்சாட்டுக்கு அவன் கொல்லப்பட்டான் என்று நிரூபிக்கவும் தேவையில்லை. அடிக்கப்பட்டான், வதைக்கப்பட்டான் என்றாலே அது நிற்கும். அவன் உண்மையிலேயே தூக்கில் தொங்கியிருந்தாலும், அதற்கு முன் அந்தக் கூண்டில் என்ன நடந்தது என்பது கேட்கப்பட வேண்டிய கேள்விதான்.

இன்னொன்று. நீங்கள் எழுதியதில் ஒரு வரியைத் திரும்பத் திரும்ப வாசித்தேன். பக்கத்துக் கூண்டில் இன்னொரு பையன் இருந்தான், அவன் ஏதோ கேட்டதாகத் தன் தாயிடம் சொல்லியிருக்கிறான், இப்போது பேசப் பயப்படுகிறான் என்று. அவனிடம் நீங்கள் போய்க் கதை கேட்காதீர்கள். நீங்கள் சொல்லிக் கொடுத்ததாக நாளைக்குச் சொல்வார்கள். அவனுடைய தாயோடு பேசி, அவனுக்கென்று தனியாக ஒரு சட்டத்தரணியை ஒழுங்கு செய்யுங்கள். அதே சட்டக்கோவையின், அதாவது குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின், 127ஆம் பிரிவின் கீழ் அவனுடைய வாக்குமூலத்தை நீதவானே நேரடியாகப் பதிய வேண்டும் என்று அந்தச் சட்டத்தரணி கேட்கட்டும். பொலிஸ் நிலையத்துக்கு அவன் போகவே தேவையில்லை. 2023ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கச் சாட்சிகள் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் அவனுக்கும் உங்களுக்கும் பாதுகாப்புக் கோரி, அதற்கான தேசிய அதிகாரசபைக்கு அதே நாளில் விண்ணப்பம் போகட்டும். மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு நாளைக் காலை போகும்போது, முடிந்தால் அந்தத் தாயையும் கூட்டிக்கொண்டு போங்கள்.